ஆற்காடு–ஆரணி சாலை மாநில நெடுஞ்சாலை ஆனது எப்படி?

கேள்வி இது: “ஆற்காட்டிலிருந்து ஆரணிக்கு அடிக்கடி பஸ்ஸில் போகிறேன். வழியெல்லாம் வயலும் ஏரியும்தான். திமிரியை விட்டால் சொல்லிக்கொள்ளும்படியான ஊர் இல்லை. ஆனால் கிலோமீட்டர் கல்லின் தலை பச்சையாக இருக்கிறது. மாநில நெடுஞ்சாலை 4 என்கிறார்கள். இந்தக் கிராமத்துச் சாலைக்கு அந்தத் தகுதி எப்படிக் கிடைத்தது? இது எவ்வளவு பழைய சாலை?”

முதல் கேள்விக்கு ஒரு வரியில் பதில் சொல்லலாம். நீங்கள் பார்ப்பது முழுச் சாலை அல்ல. மாநில நெடுஞ்சாலை 4 ஆற்காட்டில் தொடங்கி ஆரணி, சேத்துப்பட்டு, செஞ்சி வழியாக விழுப்புரம் போய்ச் சேருகிறது. நீங்கள் பயணம் செய்யும் சுமார் 28 கிலோமீட்டர் அதன் தலைப்பகுதி. பச்சைத் தலை முழு நீளத்துக்கும் உரியது.

ஆனால் அந்தப் பதிலோடு நிறுத்த எனக்கு மனம் வரவில்லை. ஆற்காட்டிலிருந்து தெற்கே போகும் வழிகள் பல. கண்ணமங்கலத்துக்கு ஒரு சாலை, செய்யாற்றுக்கு ஒரு சாலை என்று விரல்களைப் போல விரிந்து போகின்றன. அவற்றில் இந்தத் தடம் ஏன் பெரியவழி ஆயிற்று என்பதுதான் உண்மையான கேள்வி. நெடுஞ்சாலைத் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்பதாலும், இந்த வட்டாரத்திலேயே வளர்ந்தவன் என்பதாலும் எனக்குத் தெரிந்ததை விரிவாகவே சொல்கிறேன்.

வரைபடத்தில் ஆற்காட்டையும் செஞ்சியையும் ஒரு நேர்கோட்டால் இணைத்துப் பாருங்கள். அந்தக் கோடு ஏறத்தாழ ஆரணியையும் சேத்துப்பட்டையும் ஒட்டியே போகும். மேற்கே ஜவ்வாது மலையும் அதன் கிளைக்குன்றுகளும் இருக்கின்றன. கிழக்கே பாலாற்றுக்கும் செய்யாற்றுக்கும் இடைப்பட்ட ஏரிப்பாசனச் சமவெளி; மழைக்காலத்தில் வண்டி இறங்கினால் அச்சு முறியும். மலைக்கும் சேற்றுக்கும் நடுவில், சற்றே மேடான நிலத்தில் தெற்கு வடக்காக நடக்க வசதியான தடம் இது. செஞ்சிக்கும் ஆற்காட்டுக்கும் இடையே ஆள் நடமாட்டம் பெருகியபோது இந்தத் தடமும் பெருவழியாயிற்று.

அந்த நடமாட்டம் எப்போது பெருகியது? 1698இல் முகலாயர் படை மராட்டியரிடமிருந்து செஞ்சியைப் பிடித்தது. அடுத்த சில ஆண்டுகளில் கர்நாடக நவாபின் இருப்பிடம் செஞ்சியிலிருந்து ஆற்காட்டுக்கு மாறியது. சாதத்துல்லா கான் காலத்தில் ஆற்காடு முழுமையான தலைநகரம். 1714இல் செஞ்சியில் தேசிங்கு ராஜா போரில் விழுந்தார். பாலாற்றின் வடகரையில் உருவான ராணிப்பேட்டை அவருடைய மனைவியின் நினைவாகப் பெயர் பெற்றது என்பதை இந்தப் பக்கத்தில் பள்ளிப் பிள்ளைகளும் சொல்வார்கள். பழைய தலைநகரம் தெற்கே, புதிய தலைநகரம் வடக்கே. இரண்டுக்கும் நடுவில் ஆரணிக் கோட்டை.

அந்த ஆரணியோ நவாபின் நேரடி ஆட்சியில் இருந்த ஊர் அல்ல. பதினேழாம் நூற்றாண்டில், சிவாஜியின் தந்தை ஷாஜி போன்ஸ்லே இந்தப் பக்கம் பிஜப்பூர் சுல்தானின் தளபதியாக இருந்த காலத்தில், வேதாஜி பாஸ்கர பந்த் என்பவருக்குக் கிடைத்த ஜாகீர், அதாவது வரி வசூல் உரிமையோடு கிடைத்த நிலம், அது. அவருடைய வழியினர் நவாப் காலத்தையும் கிழக்கிந்தியக் கம்பெனிக் காலத்தையும் தாண்டி, 1948இல் எஸ்டேட் ஒழிப்புச் சட்டம் வரும்வரை ஜாகீர்தார்களாக இருந்தார்கள். ஆரணியை அடுத்த சத்திய விஜய நகரத்தில் இருக்கும் அரண்மனையும், பூசிமலைக்குப்பம் காட்டுக்குள் சிதைந்து நிற்கும் கண்ணாடி மாளிகையும் அவர்களுடையவை. ஆகவே இந்தச் சாலையின் ஒரு முனை நவாபுக்கு, மறுமுனை மராட்டிய ஜாகீர்தாருக்கு. நடுவில் திமிரிக் கோட்டை.

இனி 1751. ஆற்காட்டு முற்றுகையைப் பற்றி எல்லோரும் பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறோம். ராபர்ட் கிளைவ் சுமார் 200 ஐரோப்பியரும் 300 சிப்பாய்களும் கொண்ட சிறுபடையோடு வந்து ஆற்காட்டுக் கோட்டைக்குள் நுழைந்ததும், பிரெஞ்சுக்காரர் ஆதரவோடு நவாப் பட்டத்துக்குப் போட்டியிட்ட சந்தா சாகிபின் மகன் ராசா சாகிப் அதை 50 நாள் முற்றுகையிட்டதும், நவம்பர் 14ஆம் தேதி முற்றுகை முறிந்ததும் பாடத்தில் இருக்கின்றன. முற்றுகைக்கு முன்னும் பின்னும் நடந்தவை பாடத்தில் இல்லை. அவை நடந்தது நீங்கள் பஸ்ஸில் போகும் இந்தத் தடத்தில்தான்.

கிளைவ் வந்ததும் ஆற்காட்டைக் காலி செய்து போன சந்தா சாகிபின் காவற்படை வெகுதூரம் ஓடிவிடவில்லை. தெற்கே திமிரிக்குப் பக்கத்தில் கூடி நின்றது. செப்டம்பர் முதல் வாரத்தில் கிளைவ் பீரங்கிகளோடு இரண்டு முறை அங்கே போனார். முதல் முறை அவர்கள் குன்றுகளின் பக்கம் ஒதுங்கிவிட்டார்கள். இரண்டாம் முறை திமிரிக் கோட்டையின் பீரங்கி எட்டும் தூரத்தில் இருந்த ஒரு தோப்பிலிருந்து அவர்களைக் கிளப்ப முடிந்தது. கோட்டையைப் பிடிக்க முடியவில்லை. மதிலை உடைக்கும் பெரிய பீரங்கி இல்லாமல் ஆற்காட்டுக்குத் திரும்பினார். தோப்புக்கு முன்னால் வறண்ட குளம் ஒன்று இருந்ததாகப் போர்க் குறிப்புகள் சொல்கின்றன. தோப்பு, குளம், கோட்டை. இன்றும் இந்த வட்டாரத்தில் ஓர் ஊரைச் சொல்ல வேண்டுமென்றால் நாம் இப்படித்தானே சொல்வோம்?

முற்றுகை முடிந்த பிறகு உதவிப்படை வந்து சேர்ந்ததும், கிளைவ் அதே வழியில் மறுபடி கிளம்பினார். இம்முறை திமிரிக் கோட்டை எதிர்ப்பின்றிப் பணிந்தது. இதற்குள் ராசா சாகிபின் படையோடு புதுச்சேரியிலிருந்து வந்த பிரெஞ்சுப் படைப்பிரிவு ஆரணிப் பக்கம் சேர்ந்துகொண்டது. முராரி ராவின் மராட்டியக் குதிரைப்படையில் ஒரு பிரிவு கிளைவோடு இருந்தது. டிசம்பர் 3ஆம் தேதி ஆரணிக்கு வெளியே இரு படைகளும் மோதின.

அந்தப் போரை முடிவு செய்தது நிலமும் பாதையும் என்றே சொல்லுவேன். டிசம்பர் மாதம், வடகிழக்குப் பருவமழை பெய்து ஓய்ந்திருக்கும் நேரம். இரு படைகளுக்கும் நடுவில் தண்ணீர் நின்ற நெல் வயல்கள். அவற்றைக் கடந்து ஆரணிக் கோட்டைக்குப் போகும் மேட்டுப்பாதை ஒன்றே ஒன்று. கிளைவ் உயரமான தரையில், ஒரு பக்கம் ஊரும் மறுபக்கம் மரத்தோப்பும் காவலாக நின்றுகொண்டார். எதிர்ப்படையின் பீரங்கிகளுக்கு அந்த மேட்டுப்பாதையைத் தவிர வேறு வழி இல்லை. வயலில் இறக்கினால் சக்கரம் புதையும். பாதையில் நெருக்கமாக வந்தவர்கள் மீது குண்டுகள் விழுந்தன. வயலில் இறங்கியவர்கள் சேற்றில் மாட்டிக்கொண்டார்கள். ராசா சாகிபின் படை சிதறியது. ஆரணிக் கோட்டையின் அதிகாரி, நவாப் பட்டத்துக்கு இங்கிலீஷ்காரர்கள் ஆதரித்த முகமது அலியின் பக்கம் சாய்ந்தார். இந்த நாட்டில் யார் ஆள்வது என்ற போட்டியில் இங்கிலீஷ்காரர்களின் கை ஓங்கியதற்கு ஆற்காட்டுக் கோட்டையைச் சொல்கிறோம். ஆரணி வயலை யாரும் சொல்வதில்லை. அது எனக்கு நெடுநாள் வருத்தம். ஆற்காட்டுக் கோட்டை வாசலான டெல்லி கேட்டில் நினைவுக் கல்வெட்டு இருக்கிறது. ஆரணிக்கு வெளியே அந்த வயல் எது என்று காட்ட ஒரு பலகைகூட இல்லை.

முப்பது ஆண்டு கழித்து மறுபடியும் அதே தடம். 1780இல் ஹைதர் அலி ஆற்காட்டைப் பிடித்தார். ஆரணிக் கோட்டை அவருடைய படைக்குத் தானியமும் வெடிமருந்தும் சேர்த்து வைத்த கிடங்கு. அந்தக் கிடங்கைப் பிடித்தால் ஹைதர் தடுமாறுவார் என்று கணக்குப் போட்டு கம்பெனிப் படையின் ஜெனரல் அயர் கூட் ஆரணியை நோக்கி நகர்ந்தார். 1782 ஜூன் 2ஆம் தேதி போர் நடந்தது. கோட்டை அயர் கூட்டின் கைக்கு வரவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் சித்தூர்ப் பக்கம் ஹைதர் இறந்தார். இந்தப் போர்களில் எல்லாம் படைகள் நடந்த வழிநெடுக ஏரிக்கரைகள் உடைக்கப்பட்டன, ஊர்கள் எரிக்கப்பட்டன, மாடுகள் பிடித்துப் போகப்பட்டன. பெருவழி ஓரம் குடியிருப்பது லாபம் என்று இன்று நினைக்கிறோம். அந்த நூற்றாண்டில் அது பெரும் ஆபத்து.

‘எவ்வளவு பழைய சாலை’ என்ற கேள்விக்கு வருகிறேன். தடம் பழையது, சாலை அவ்வளவு பழையது அல்ல. இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காமல் ‘இது பல்லவர் காலத்துச் சாலை’ என்று எழுதுகிறவர்களை நான் நம்புவதில்லை. பல்லவர் காலத்து மனிதர்கள் இங்கே இருந்தார்கள் என்பதற்குச் சான்று உண்டு. ஆற்காட்டுக்குத் தென்மேற்கே விளாப்பாக்கம் பக்கத்தில் பஞ்சபாண்டவர் மலை இருக்கிறது. பழைய பெயர் திருப்பான்மலை. அங்கே பாறையில் சமண இயக்கியான பொன்னியக்கியாரின் உருவத்தைப் புகழாலைமங்கலத்து மருத்துவர் மகன் நாரணன் செதுக்குவித்ததாக நந்திவர்மனின் ஐம்பதாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு சொல்கிறது. எட்டாம் நூற்றாண்டு அது. ராஜராஜ சோழன் காலத்துக் கல்வெட்டும் அதே மலையில் உண்டு. சமணப் பள்ளிக்கு உரிய ஊரின் மேல் விழுந்த கற்பூரவிலை முதலிய வரிகளை நீக்கிக் கொடுத்த செய்தி அதில் இருக்கிறது. ஆரணியை ஒட்டிய பூண்டியிலும் அழகான சமணக் கோயில் ஒன்று உண்டு. துறவிகளும் வணிகர்களும் இந்தப் பக்கம் நடந்தார்கள் என்பதில் சந்தேகம் இல்லை. அவர்கள் நடந்தது இதே கோட்டில்தான் என்று சொல்லக் கல்வெட்டு எதுவும் இல்லை. அதைச் சொல்லாமல் விடுவதுதான் நேர்மை.

நவாப் காலத்திலும் இது கல் போட்ட சாலை அல்ல. வண்டிகள் போய்ப் போய் அமுங்கிய மண் தடம். மழைக்காலத்தில் அடைபடும், அறுவடைக்குப் பிறகு திறக்கும். வழியில் பயணிகளுக்கு இருந்தவை சத்திரம், கிணறு, தோப்பு, சுமைதாங்கி. நிறைமாதத்தில் இறந்துபோன பெண்ணின் நினைவாக, அவள் சுமை இறங்க வேண்டும் என்று, தலைச்சுமைக்காரர்கள் சுமையை இறக்கி வைக்கக் கல் நட்டு வைப்பது நம் பக்கத்து வழக்கம். அப்படிப்பட்ட கற்கள் வட ஆற்காட்டுச் சாலையோரங்களில் எத்தனையோ நின்றன. சாலை அகலமாகும்போது முதலில் காணாமல் போவது அவைதான்.

1801இல் கர்நாடகம் கம்பெனியின் கைக்குப் போய், வட ஆற்காடு மாவட்டம் அமைந்தது. தலைநகர அந்தஸ்து போன ஆற்காடு சுருங்கியது. இந்தத் தடம் அத்தோடு மங்கிப் போயிருக்க வேண்டும். அதைக் காப்பாற்றியது 1856. அந்த ஆண்டு ஜூலை 1ஆம் தேதி தென்னிந்தியாவின் முதல் ரயில் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடியது. அதே காலகட்டத்தில் பாலாற்றின் குறுக்கே அணைக்கட்டும் வந்தது. பாலாற்றுக்குத் தெற்கே விளைந்த நெல்லும் நிலக்கடலையும் நெய்த துணியும் சென்னைக்குப் போக வேண்டுமானால் ஆற்றைக் கடந்து அந்த நிலையத்துக்கு வர வேண்டும். படைகள் நடந்த தடம் பாரவண்டிகளின் தடமாக மாறியது.

சாலை போடப் பணம் யார் கொடுத்தது என்று யாரும் கேட்பதில்லை. குடியானவன் கொடுத்தான். 1866இல் மாவட்டச் சாலை வரிச் சட்டம் வந்தது. 1871இல் உள்ளாட்சி நிதிச் சட்டம். நிலத்துக்குக் கட்டும் தீர்வையின் மேல் ரூபாய்க்கு ஓர் அணாவுக்கு, அதாவது பதினாறில் ஒரு பங்குக்கு, மிகாமல் கூடுதலாக வசூலிக்கலாம் என்றார்கள். 1884இல் உள்ளாட்சி வாரியங்கள் சட்டம். ஜில்லா போர்டும் தாலுகா போர்டும் அதன்படி ஏற்பட்டவை. திமிரிப் பக்கத்து விவசாயி கட்டிய அணாக்களில்தான் இந்தச் சாலைக்கு ஜல்லி வந்தது. எதிர்காலத்தில் யாராவது இந்தச் சாலைக்கு வரலாற்றுப் பலகை வைத்தால் கிளைவுக்கு ஒரு வரி போதும். மீதி இடத்தை அவர்களுக்குக் கொடுக்க வேண்டும்.

பணம் கொடுத்தவர்கள் ஒரு பக்கம். உடம்பைக் கொடுத்தவர்கள் இன்னொரு பக்கம். 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தைச் சூறையாடிய தாதுவருடப் பஞ்சத்தில் வட ஆற்காடும் கடுமையாக அடிபட்டது. பஞ்ச நிவாரணம் என்பது சும்மா கொடுத்த கஞ்சி அல்ல. உடம்பில் தெம்பிருப்பவர்களை ஏரி தூர்வாரவும், சாலைக்கு மண் கொட்டவும், ஜல்லி உடைக்கவும் அனுப்பினார்கள். கூலி எவ்வளவு தெரியுமா? பஞ்ச நிவாரணத்துக்காக அரசு அனுப்பிய அதிகாரி ரிச்சர்ட் டெம்பிள் வகுத்த கணக்கின்படி ஓர் ஆளுக்கு நாளுக்கு ஒரு பவுண்டு தானியமும் கொஞ்சம் காசும். அரைக் கிலோவுக்கும் குறைவான தானியத்தைத் தின்றுவிட்டு நாள் முழுவதும் கல் உடைக்க வேண்டும். மாகாணத்துச் சாலைகளின் அடியில் கிடக்கும் கல்லைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கணக்கு நினைவுக்கு வரும்.

அடுத்த திருப்பம் 1891. விழுப்புரத்திலிருந்து திருவண்ணாமலை, போளூர், வேலூர், காட்பாடி வழியாக வடக்கே மீட்டர் கேஜ் ரயில் பாதை வந்தது. ஆரணிக்கு வரவில்லை. ஊருக்குத் தென்மேற்கே களம்பூரில் நிலையம் அமைத்து அதற்கு ‘ஆரணி ரோடு’ என்று பெயர் வைத்தார்கள். பட்டுக்கும் அரிசிக்கும் பேர்போன ஊருக்கு ரயில் நிலையம் இன்னோர் ஊரில்! இந்தக் குறைதான் ஆரணியின் சாலைகளை வளர்த்தது. களம்பூருக்கு ஒரு சாலை, வேலூருக்கு ஒரு சாலை, செய்யாறு வழியாகக் காஞ்சிபுரத்துக்கு ஒரு சாலை, ஆற்காட்டுக்கு இந்தச் சாலை. ரயில் ஊருக்குள்ளேயே வந்திருந்தால் இவற்றில் பாதி, வண்டிப்பாதைகளாகவே நின்றிருக்கும் என்பது என் கணிப்பு. திண்டிவனத்திலிருந்து வந்தவாசி, செய்யாறு, ஆரணி, ஆற்காடு வழியாக நகரிக்கு ரயில் பாதை போடும் திட்டத்துக்கு 2006ஆம் ஆண்டை ஒட்டி ஒப்புதல் கிடைத்தது. நிலம் எடுப்பிலும் நிதியிலும் அது இழுத்துக்கொண்டே போகிறது. அதுவரை ஆரணியின் அரிசி மூட்டைக்கும் பட்டுச் சேலைக்கும் சாலைதான் கதி.

சாலை செய்யும் தொழிலைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். வரலாற்று நூல்கள் எழுதுகிறவர்கள் தாண்டிப் போகும் இடம் இது. தார் வருவதற்கு முன் கருங்கல் ஜல்லியைப் பரப்பி, செம்மண் சரளையைத் தூவி, தண்ணீர் விட்டு, உருளையால் அழுத்துவார்கள். மண்ணும் ஈரமும்தான் ஜல்லியைப் பிடித்து வைக்கும் பசை. இதற்கு இரண்டு எதிரிகள். ஒன்று, இரும்புப் பட்டை பூட்டிய வண்டிச் சக்கரம். நெல் மூட்டை ஏற்றிய வண்டிகள் ஒரே தடத்தில் போய்ப் போய் இரண்டு பள்ளங்களை வெட்டிவிடும். மழைநீர் அதில் தங்கி அடிக்கட்டையை ஊறவைத்துவிடும். இரண்டாவது எதிரி மோட்டார். ரப்பர் டயர் பள்ளம் வெட்டாது. ஆனால் வேகமாகச் சுழலும்போது ஜல்லிக்கு நடுவில் இருக்கும் மண்ணை உறிஞ்சி, புழுதியாகக் கிளப்பி, ஜல்லியைத் தனித்தனியாகக் கழற்றிவிடும். பஸ்கள் ஓடத் தொடங்கிய பிறகு மாகாணம் எங்கும் சாலைகள் சீரழிந்ததற்குக் காரணம் இது. தார் ஊற்றியது சொகுசுக்காக அல்ல. வேறு வழி இல்லாமல்தான்.

அந்தக் காலத்தில் போர்டுகள் சாலையில் சாவடி வைத்து வண்டிக்கு வரி வாங்கின. 1931இல் சென்னை மோட்டார் வாகன வரிச் சட்டம் வந்து, சாவடி வசூலுக்குப் பதிலாக மாகாண அரசே வரி வாங்கி உள்ளாட்சிகளுக்கு ஈடு கொடுக்கும் ஏற்பாடு ஆயிற்று. சாலைக்கான பணம் ஊரிலிருந்து சென்னைக்குப் போய்த் திரும்பி வரத் தொடங்கியது அப்போதிலிருந்துதான்.

பச்சைத் தலைக்கு இப்போது வரலாம். 1943இல் நாக்பூரில் கூடிய தலைமைப் பொறியாளர்கள் நாட்டின் சாலைகளைத் தேசிய, மாகாண நெடுஞ்சாலைகள் என்றும், மாவட்டத்தின் பெரிய சாலைகள், இதர சாலைகள் என்றும், கிராமச் சாலைகள் என்றும் தரம் பிரித்தார்கள். 1946இல் சென்னை மாகாணத்தில் நெடுஞ்சாலைகளுக்கென்று தனித்துறை அமைந்தது. 1958ஆம் ஆண்டுப் பஞ்சாயத்துச் சட்டத்தைத் தொடர்ந்து ஜில்லா போர்டுகள் மறைந்தபோது, அவற்றின் பெரிய சாலைகள் நெடுஞ்சாலைத் துறைக்கும் சிறியவை பஞ்சாயத்து யூனியன்களுக்கும் போயின. இப்போது நடப்பில் இருப்பது 2001ஆம் ஆண்டின் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம். மஞ்சள் தலை என்றால் தேசிய நெடுஞ்சாலை, பச்சை என்றால் மாநிலம்.

ஒரு சாலையை மாநில நெடுஞ்சாலை என்று அறிவிக்கும்போது அகலத்தைப் பார்ப்பதில்லை. அது எந்த ஊரை எந்த ஊரோடு, எந்தத் தேசிய நெடுஞ்சாலையோடு இணைக்கிறது, எத்தனை வண்டி போகிறது என்பதைத்தான் பார்ப்பார்கள். நம் சாலையின் வடமுனை சென்னை–பெங்களூர் நெடுஞ்சாலைக்குப் பக்கம். தென்முனை விழுப்புரத்தில் சென்னை–திருச்சி நெடுஞ்சாலையைத் தொடுகிறது. இரண்டு பெருஞ்சாலைகளுக்கு நடுவே குறுக்கே விழுந்த கோடு அது. ‘வயல் நடுவே போகிறதே’ என்ற உங்கள் ஆச்சரியத்துக்கு விடை அந்தக் கோட்டில் இருக்கிறது. ஒற்றைத் தட அகலமான 3.75 மீட்டரோடு எத்தனையோ மாநில நெடுஞ்சாலைகள் இருந்து, பிறகு 5.5 மீட்டராகி, 7 மீட்டர் இருவழிச் சாலையாக வளர்ந்திருக்கின்றன.

மாவட்ட எல்லை மாற்றங்கள் இந்தச் சாலையைப் படுத்திய பாட்டையும் சொல்ல வேண்டும். 1911 வரை வட ஆற்காட்டின் தலைமையிடம் சித்தூர். சித்தூர் தனி மாவட்டமான பிறகு வேலூர். 1989இல் மாவட்டம் இரண்டாகி, ஆரணி திருவண்ணாமலைப் பக்கம் போனது. 2019இல் வேலூர் மூன்றாகி, ஆற்காடும் திமிரியும் ராணிப்பேட்டை மாவட்டமாயின. ஆகவே இந்த 28 கிலோமீட்டருக்குள் இரண்டு மாவட்டம். சாலை ஒன்றுதான், ஆனால் மேற்பூச்சுக்கு ஒப்பந்தமும் நிதியும் வேறு வேறு நேரத்தில் வரும். ஓர் இடத்தில் தார் புதிதாகவும் அடுத்த அடியில் பழையதாகவும் இருப்பதைப் பார்த்தால், பெரும்பாலும் நீங்கள் ஓர் அலுவலக எல்லையைக் கடந்திருக்கிறீர்கள்.

மேற்பூச்சு எவ்வளவு நன்றாக இருந்தாலும் சாலையைக் காப்பது மனிதர்கள்தான். சாலைப் பணியாளர் என்றால் குழி அடைப்பவர் மட்டுமல்ல. தார் விளிம்பை ஒட்டிய மண் ஓரத்தைச் சீராக வைப்பது, புதரை வெட்டுவது, மழைக்கு முன் சிறுபாலங்களின் வாயைத் திறந்து வைப்பது எல்லாம் அவர் வேலை. நீர் வடிந்துவிட்டால் சாலை பிழைக்கும். தேங்கினால் எந்தத் தாரும் நிற்காது. 1997இல் சுமார் 10,000 பேரைச் சாலைப் பணியாளர்களாக எடுத்தார்கள். 2002இல் ஒட்டுமொத்தமாக வீட்டுக்கு அனுப்பினார்கள். 2006இல் திரும்ப எடுத்தார்கள். அந்த இடைக்காலத்தில் எத்தனையோ குடும்பங்கள் உடைந்தன. சாலைகளும்தான். இந்த விஷயத்தில் எனக்கு நடுநிலை கிடையாது, அது அநியாயம்.

‘ஏன் இவ்வளவு வளைவு, நேராக்கக் கூடாதா’ என்று பலரும் கேட்கிறார்கள். நீங்கள் கேட்கவில்லை என்றாலும் சொல்லிவிடுகிறேன். இது ஏரிகளின் நாடு. சாலை சில இடங்களில் ஏரிக்கரையை ஒட்டி வளையும்; சில இடங்களில் ஏரிநீர் பாயும் ஆயக்கட்டு வயலைச் சுற்றிக்கொண்டு மேட்டில் ஏறும்; ஏரி நிரம்பிக் கலங்கல் வழியே வழியும் நீர் போகும் ஓடையைத் தாழ்ந்த இடத்தில் கடக்கும். வளைவை வெட்டி நேராக்கினால் வயலுக்கு நடுவே கரை எழுப்ப வேண்டும். அந்தக் கரை மதகிலிருந்து வரும் வாய்க்கால்களை மறிக்கும். போதிய சிறுபாலம் வைக்காவிட்டால் ஒரு பக்கம் வயல் மூழ்கும், மறுபக்கம் காயும். 2021 நவம்பரில் பாலாற்றில் பெருவெள்ளம் வந்தபோது வட ஆற்காட்டின் ஏரிகளும் நிரம்பி வழிந்தன. ஓடையின் குரலைக் கேட்காமல் போட்ட தரைப்பாலங்கள் எல்லாம் அப்போது மூழ்கின. ஆபத்தான வளைவுகளைத் திருத்தத்தான் வேண்டும். ஆனால் எல்லா வளைவும் பிழை அல்ல. பாதிக்கு மேல் தண்ணீருக்காக விட்டுக்கொடுத்த இடங்கள்.

புளிய மரங்களைப் பற்றியும் எனக்கு இதே பிடிவாதம் உண்டு. சாலையோரப் புளிய மரங்களுக்கு எண் போட்டு, வெள்ளையும் கறுப்புமாகப் பட்டை அடித்து, புளி மகசூலை ஆண்டுதோறும் ஏலம் விட்டு அரசு வருமானம் பார்த்தது. வண்டிமாட்டுக்கு நிழல், ஊருக்குப் புளி, இரவில் ஓட்டுகிறவனுக்குச் சாலையின் விளிம்பைக் காட்டும் வெள்ளைப் பட்டை என்று ஒரு மரம் மூன்று வேலை செய்தது. அகலப்படுத்தும்போது ஒரு மரத்துக்குப் பத்துக் கன்று நட வேண்டும் என்ற நிபந்தனை போடுகிறார்கள். நட்ட கன்று எத்தனை பிழைத்தது என்று மூன்றாம் கோடையில் போய் எண்ணிப் பார்க்கும் ஏற்பாடு இல்லாதவரை அந்த நிபந்தனைக்கு நான் மதிப்புத் தர மாட்டேன். சாலைக்கு இடம் தேவைப்பட்டால் மரத்தை நடுவில் விட்டு இரு பக்கமும் தடம் போட முடியும். சில மாநிலச் சாலைகளில் செய்திருக்கிறார்கள்.

போகிற வழியில் பார்க்க இடம் கேட்டால் திமிரியில் இறங்குங்கள். அங்கிருந்து கலவைக்குச் சாலை பிரிகிறது. காஞ்சி மடத்தின் சந்திரசேகரேந்திர சரசுவதி 1907இல் துறவு ஏற்ற ஊர் அது. பஞ்சபாண்டவர் மலைக்கு ஆற்காட்டிலிருந்தே போய்விடலாம். பாறையில் எழுத்து வெயில் சாய்ந்த பிறகு நன்றாகத் தெரியும். தயவுசெய்து சுண்ணாம்போ மாவோ தடவிப் படிக்க முயல வேண்டாம்.

உங்கள் ஊரை ஒட்டிய பகுதி எவ்வளவு பழையது என்று நீங்களே கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. கிராம நிர்வாக அலுவலரிடம் கிராமத்து நிலங்களின் பட்டியலான ‘அ’ பதிவேட்டையும் புல வரைபடத்தையும் பார்க்கக் கேளுங்கள். சாலை ஓடும் புல எண்ணுக்கு எதிரே சாலைப் புறம்போக்கு என்றோ வண்டிப்பாதை என்றோ பதிவாகியிருக்கும். அரசு நிலத்தை அளந்து வரி விதித்த நிலவரித் திட்டத்தின்போதே அகலமான தனிப் புல எண் கொடுத்திருந்தால் சாலை அப்போதே இருந்தது என்று பொருள். பட்டா நிலங்களிலிருந்து உட்பிரிவு செய்து எடுத்திருந்தால் அந்தத் துண்டு பிற்காலத்தில் திருப்பி விடப்பட்டது. ஆரணிப் பக்கம் ஒரு சிக்கல் உண்டு. ஜாகீர் கிராமங்கள் 1948 சட்டத்துக்குப் பிறகுதான், குடியானவரிடம் அரசு நேரடியாக வரி வாங்கும் ரயத்துவாரி முறைக்குள் வந்தன. அதற்கு முந்தைய கணக்கு வருவாய்த் துறையின் வழக்கமான பதிவுகளில் இருக்காது. அங்கே பழைய நில அளவை வரைபடங்களைத் தேடிச் சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்துக்குத்தான் போக வேண்டும். போகும் முன் கிராமத்தின் பழைய தாலுகாப் பெயரைக் குறித்துக்கொள்ளுங்கள். இன்றைய மாவட்டப் பெயரைச் சொல்லிக் கேட்டால் அங்கே ஒரு காகிதமும் கிடைக்காது.